தென்வரிசையில் குடிவைத்த வருஷம்

என் வீட்டுக்காரரைப் பற்றி விசாரிக்க வருகிறவர்கள் எல்லாரும் கூடத்தில் மாட்டியிருக்கும் படத்தைத்தான் முதலில் பார்ப்பார்கள். ஜரிகைத் தலைப்பாகை, நீளக் கோட்டு, பக்கத்தில் கலெக்டர் துரை. வீட்டுமனைக் காரியங்களைக் கவனிக்க அரசாங்கமே அவரைக் கூப்பிட்டு அதிகாரியாக வைத்தபோது எடுத்த படம் அது. பாளையங்கோட்டை ஆபீசில் அவருக்குத் தனி அறை இருந்தது. வாசலில் டவாலி போட்ட சேவகன் நிற்பான். எனக்குப் பெருமைதான், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் என்னைக் கேட்டால், நான் அதிகமாகப் பெருமைப்படுகிற வருஷம் அவர் தேர்தலில் தோற்றுப்போன வருஷம். அதைப் படம் எடுக்க ஒருவரும் வரவில்லை. எனக்கு எழுத்துக் கூட்டத்தான் தெரியும். பைய எழுதுகிறேன், நீங்களும் பையப் படியுங்கள்.

அவர் பிறவியிலேயே அரசியல்காரர் இல்லை. திருநெல்வேலி டவுனில் எங்களுக்கு மரக்கடை. செங்கோட்டைப் பக்கமிருந்து தேக்கும் வேங்கையும் வண்டி வண்டியாக வந்து இறங்கும். மழை பெய்தால் கடை வாசலில் சாக்கடை பொங்கி, மரத்தூளும் சேறும் கலந்து நாறும். நகரசபைக்குப் போய் முறையிட்டபோது, அங்கே இருந்த குமாஸ்தா வெற்றிலையை மென்றுகொண்டே, "அண்ணாச்சி, வெளிய நின்னு சத்தம் போட்டா ஒண்ணும் நடக்காது. மெம்பராகி உள்ள வந்து சத்தம் போடுங்க" என்றாராம். அவர் கேலிக்குச் சொன்னார். இவர் அதை நிஜமென்று எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்து இலையில் உட்கார்ந்தார்.

"ஏளா, நான் எலெக்ஷனுக்கு நிக்கப்போறேன்."

"அதுக்கு என்ன செய்யணும்?"

"எனக்கும் தெரியாது. சொதி வச்சு நாலு பேரைக் கூப்பிடணும்னு சொல்லுதாங்க."

சொதி வைத்தேன். அது தேங்காய்ப்பால் குழம்பு, தேங்காயைத் துருவித் துருவிக் கை காய்த்துப்போயிற்று. அந்தக் காலத்தில் வீட்டுத் தீர்வை கட்டுகிற ஆண்பிள்ளைகளுக்கு மட்டுந்தான் ஓட்டு. தெருவுக்கு நாலைந்து பேர் தேறினால் அதிகம். இரண்டு பந்தியில் எங்கள் வார்டு முழுவதும் சாப்பிட்டுக் கைகழுவிவிடும். சொதிக்கு இஞ்சிப் பச்சடி வைத்தால்தான் ஜீரணம். அதையும் குறைவில்லாமல் வைத்தேன். அவர் ஜெயித்தார். அவர் பேச்சில் ஜெயித்தார் என்று ஊர் சொல்லும். நான் மறுத்துப் பேசியதில்லை.

மெம்பராகி முதல் வேலையாகச் சாக்கடையைத் திருப்பினார். அதோடு விட்டிருக்கலாம். ஆனால் ஒரு காரியம் நடந்துவிட்டால் அடுத்ததைத் தேடுகிற சுபாவம் அவருக்கு. தெருவிளக்கு, குடிதண்ணீர், சந்தையில் கல் பாவுவது என்று ஒவ்வொன்றாகத் தலையில் போட்டுக்கொண்டார். மரக்கடையை என் அண்ணன்தான் பார்த்துக்கொண்டான்.

சீமையில் பெரிய சண்டை தொடங்குவதற்குச் சில வருஷம் முந்தி, ஒரு ஐப்பசியில் ஆறு பெருகியது. தாமிரபரணி எங்களுக்குத் தாய்தான். ஆனாலும் கோபம் வந்தால் தாய்க்கும் கண்மண் தெரியாது. குறுக்குத்துறைக்குக் கீழே கரையோரம் குடிசை போட்டிருந்தவர்கள் எல்லாரும் நகரசபை ஊழியர்கள். தெருக்கூட்டுகிறவர்கள், குப்பைவண்டி ஓட்டுகிறவர்கள், விளக்கேற்றுகிறவர்கள். ஆட்கள் மேடேறித் தப்பிவிட்டார்கள். குடிசைகளில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. பள்ளிக்கூடக் கட்டடத்தில் ஈரத்துணியோடு குழந்தைகளைப் படுக்கவைத்திருந்ததை அவர் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். சாப்பாட்டில் கையை வைத்தார், எடுத்தார்.

"ஊரைக் கூட்டுதவனுக்கு ஊருக்குள்ள இருக்க இடமில்ல பாத்தியா" என்றார்.

நகரசபையில் வீட்டுக் கமிட்டி என்று ஒன்று வைத்து அவரைத் தலைவராகப் போட்டார்கள். வேறு ஒருவரும் கேட்காத பதவியாதலால் போட்டியில்லாமல் கிடைத்தது. அன்றிலிருந்து எங்கள் கூடத்தில் நடமாட முடியாது. தரை முழுவதும் சுண்ணாம்புக் கட்டியால் கோடு போட்டு வைத்திருப்பார். இது திண்ணைக்கு, இது அறைக்கு, இது அடுக்களைக்கு என்று காலால் அளந்து காட்டுவார். பெருக்குகிற பெண்ணிடம், "ஏட்டி, சுவரை மிதிச்சிராத" என்பார். அவளும் இல்லாத சுவரைச் சுற்றிப் பயபக்தியோடு பெருக்குவாள்.

குடிசை பற்றியெரிவதைப் பலமுறை பார்த்தவர் ஆகையால், ஒவ்வொரு வீட்டிலும் பின்சுவரை ஒட்டிக் கட்டின அடுப்பும், அதற்கு மேலே புகை போக ஓட்டைப் பிரித்துக் கூண்டும் வைக்கவேண்டும் என்று தீர்மானித்திருந்தார். முன்தாழ்வாரத்தில் யாரும் அடுப்பு மூட்டக் கூடாது என்று கமிட்டிச் சட்டமும் அவரே போட்டார். அந்தச் சட்டம் பிறகு அவரையே கடித்தது.

இடந்தான் பெரிய வழக்காயிற்று. அவர் கேட்டது ரதவீதிக்குப் பின்னால் இருந்த மேட்டு நிலம். எந்த வெள்ளத்திலும் அங்கே தண்ணீர் ஏறியதில்லை. ஆனால் ஆனித் தேரோட்டத்துக்கு நாலா திசையிலிருந்தும் வருகிற வண்டிகள் அவிழ்த்துப்போடுவது அங்கேதான். வண்டி அங்கே நின்றால்தான் கடைத்தெருவில் வியாபாரம். கடைக்காரர்கள்தான் ஓட்டுக்காரர்கள்.

அவருடைய நெருங்கிய சிநேகிதர் ஒரு ஜவுளிக்கடைக்காரர். தினமும் விடியுமுன் இரண்டு பேரும் ஒன்றாகத்தான் ஆற்றுக்குக் குளிக்கப் போவார்கள். நகரசபையிலும் இரண்டு பேரும் மெம்பர். அவர் எங்கள் வீட்டு வாசலில் நின்றே சண்டையைத் தொடங்கினார்.

"என்னவே அண்ணாச்சி, சுடுகாட்டுப் பாதையில எம்புட்டு நிலம் கிடக்கு. அங்கன கட்டும். தேருக்கு வார வண்டியை உம்ம மரக்கடைக்குள்ளயா நிறுத்த?"

"அந்த நிலம் போன வெள்ளத்துல முங்கிச்சுவே. திரும்ப முங்கும்."

"முங்கினா ஏறி வருவாங்க."

"நீரு ஒரு ராத்திரி முங்கிப் பாரும், பிறகு பேசுவோம்."

இப்படிப் பேசிக்கொண்டே ஒரே கிண்ணத்து எண்ணெயைத் தலையில் தேய்த்துக்கொண்டு போவார்கள். கலெக்டர் மேட்டு நிலத்தைப் போய்ப் பார்த்துவிட்டு இவர் பக்கம் சொன்னதால் இடம் கிடைத்தது. ஜவுளிக்கடைக்காரர் மாத்திரம் மறக்கவில்லை.

மறு வருஷம் பங்குனியில் வீடுகள் எழும்பி நின்றன. கிழக்கு மேற்காக ஒரு தெரு. அதன் வடபுறம் ஒரு வரிசை, தென்புறம் ஒரு வரிசை. வாசலுக்கு வாசல் எதிராக, செங்கல் சுவர், மேலே ஓடு. ஊரே வந்து பார்த்தது. எங்கள் சொந்தக்காரர்களில் சிலர், "அந்தச் சனங்களுக்கு ஓடு போட்ட வீடா?" என்று முகம் சுளித்தார்கள். "மழை சாதி பாத்தா பெய்யுது?" என்று அவர் கேட்டார்.

சித்திரையில் நல்ல நாள் பார்த்துக் குடிவைத்தார்கள். வடவரிசைக்காரர்கள் பால் காய்ச்சி உள்ளே போனார்கள். தென்வரிசைப் பெண்கள் உள்ளே போய்ப் பார்த்துவிட்டு, போன வேகத்தில் வெளியே வந்து பெட்டி படுக்கையோடு தெருவில் உட்கார்ந்துவிட்டார்கள். அங்கே நடந்ததை அவரே பலமுறை எனக்கு நடித்துக் காட்டியிருக்கிறார். கட்டட வேலையை மேற்பார்த்த நகரசபை ஓவர்சியர், "ஏன் போகல?" என்று அதட்டினாராம். குப்பைவண்டிக்காரர் பெண்சாதி நெட்டையானவள், வாய்க்குப் பயப்படாதவள். அவள் எழுந்து நின்றாள்.

"தெக்க பாத்து எப்படிய்யா உலை வைக்க? எங்க வீட்டுல இப்ப யாரு செத்துருக்கா?"

"ஓசியில வீடு கிடைச்சா திசை வேற கேக்குதோ?"

"ஓசின்னா எமனுக்குப் பொங்கிப்போடச் சொல்லுதீயளா? வெள்ளத்துல வராத எமனை அடுப்பு வச்சுக் கூப்பிடவா?"

வடவரிசையில் பின்சுவர் வடக்கே. அடுப்பின் முன்னால் நிற்கிறவள் வடக்கே பார்ப்பாள், குற்றமில்லை. இவர் என்ன செய்துவிட்டார் என்றால், அந்த வரிசையை அப்படியே புடவையை மடிப்பதுபோல மடித்துத் தெருவுக்கு இந்தப்புறம் போட்டுவிட்டார். அதனால் தென்வரிசையில் பின்சுவர் தெற்கே, அடுப்பும் தெற்கே. தெற்கு பார்த்துச் செய்கிற காரியம் எது என்று எங்கள் பக்கத்தில் குழந்தைக்கும் தெரியும். ஆண்பிள்ளைகள் பத்துப் பேர் கூடிப் போட்ட திட்டத்தில் அது ஒருவர் கண்ணிலும் படவில்லை.

அன்று நேராக வீட்டுக்கு வந்தவர், செருப்பைக் கழற்றாமலே நின்று கேட்டார்.

"ஏளா, நம்ம அடுப்பு எந்தப் பக்கம் பாத்திருக்கு?"

"இது என்ன கேள்வி? கிழக்கதான். வேற எங்கன பாக்கும்?"

"தெக்க பாத்திருந்தா?"

"நான் இந்த வீட்டுக்கு வாக்கப்பட்டே இருக்கமாட்டேன்."

அந்த அடுப்புச் சோற்றைத்தான் அவர் பிறந்த நாளிலிருந்து சாப்பிடுகிறார்.

தென்வரிசைச் சனங்கள் வீட்டு வாசலில் மூன்று கல்லை வைத்துப் பொங்கினார்கள். தாழ்வாரத்தில் அடுப்புக் கூடாதென்று ஓவர்சியர் கல்லை உதைத்துத் தள்ளினார். இரண்டு நாளில் பாதிப்பேர் திரும்ப ஆற்றங்கரைக்கே ஓலை சுமந்துகொண்டு போய்விட்டார்கள்.

நகரசபைக் கூட்டம் கூடியது. அடுப்பைத் திருப்பிக் கட்ட அனுமதி வேண்டும் என்று இவர் கேட்டார். சேர்மன் ஒரு வக்கீல், நல்ல மனுஷர். அவர், "இதெல்லாம் மூடநம்பிக்கை. என் வீட்டில் அடுப்பு எந்தப் பக்கம் இருக்கிறதென்று நான் பார்ப்பதே இல்லை" என்றாராம்.

"எந்தப் பக்கம் இருக்கு, சொல்லுங்க" என்று இவர் கேட்டார்.

சேர்மன் யோசித்து, "வடக்கு" என்றார். பிறகு, "மேற்கோ?" என்றார். இவர் ஒவ்வொரு மெம்பராகக் கேட்டுக்கொண்டே வந்தார். ஒருவருக்கும் தெரியவில்லை. வயசான மெம்பர் ஒருவர், "நான் அடுப்பைப் பாத்ததே இல்லவே. அங்கன எட்டிப்பாத்தா வைவாங்க" என்றார். கடைசியாக ஜவுளிக்கடைக்காரர் முறை. அவர் எழுந்து, "அடுப்பு எங்கன பாத்தா என்னவே? சோறு நம்ம இலையைப் பாத்து வந்தாச் சரி" என்றார். சபை சிரித்து ஓய்வதற்குள் தீர்மானத்தையும் நிறைவேற்றிக்கொண்டார். வைகாசி முடிவதற்குள் தென்வரிசையில் ஆள் குடியேறாவிட்டால், அந்த வரிசையை இடித்து அந்த நிலத்தை வண்டிப்பேட்டைக்கு விட்டுவிடவேண்டும் என்பது தீர்மானம். ஆனியிலும் ஆடியிலும் எங்கள் பக்கத்தில் புதுவீடு புகமாட்டார்கள் என்பது ஜவுளிக்கடைக்காரருக்கு நன்றாகத் தெரியும். வைகாசி தப்பினால் வரிசை இடிந்துபோகும், ஐப்பசியில் ஆறு வந்துவிடும்.

தேர்தலும் அதே வைகாசிக் கடைசியில்தான். எங்கள் வார்டில் எதிர்த்து நின்றவர் வேறு யார், தம்முடைய வார்டை விட்டுவிட்டு வந்த ஜவுளிக்கடைக்காரர்தான்.

நகரசபைக் கொத்தனார்களை ஓவர்சியர் விடவில்லை. இவர் மரக்கடை ஆட்களைக் கூட்டிக்கொண்டு போய், அடுப்புகளை உடைத்துக் கிழக்குச் சுவரோரம் கட்டத் தொடங்கினார். அடுப்பைத் திருப்புவது ஒரு நாள் வேலை. புகைக்கூண்டைத் திருப்ப ஓட்டைப் பிரித்து, சட்டத்தை அறுத்து, திரும்ப வேயவேண்டும். காலையில் போனால் விளக்கு வைத்த பிறகுதான் வருவார். கையெல்லாம் சுண்ணாம்பு வெந்து தோல் உரிந்திருக்கும். நான் விளக்கெண்ணெய் தடவுவேன்.

என் அண்ணன் பொறுத்துப் பொறுத்துப் பார்த்தான். ஒரு மத்தியானம் அங்கேயே தேடிப் போய்விட்டான்.

"அத்தான், ஓட்டு இருக்கவன் வீட்டு வாசல்ல நிக்காம, ஓட்டு இல்லாதவன் வீட்டு அடுப்பைக் கட்டிக்கிட்டு நிக்கீயளே! அந்த ஆளு வீடு வீடா வேட்டி குடுக்கான்."

கூரைமேல் இருந்தபடியே இவர், "குடுக்கட்டும்லே. நல்ல வேட்டிதான், வாங்கி உடுத்தச் சொல்லு. அந்த ஓட்டை எடுத்துக் குடு" என்றார்.

அண்ணன் கோபத்தில் என்னிடம் வந்து, "நீயாவது சொல்லேன். சொதியாவது வையேன்" என்றான். எனக்கும் ஆசைதான். மெம்பர் பெண்சாதி என்றால் கோயிலில் வழிவிடுவார்கள், அது கசக்குமா? ஆனால் வீட்டுக்கு அழைக்க ஆண்பிள்ளை வேண்டாமா? யாரும் அழைக்காத பந்திக்கு நான் எதற்குத் தேங்காய் துருவ?

வேலை முடிகிற சமயத்தில் அவர் என்னிடம், "நீ ஒரு எட்டு வந்து பாத்துட்டுச் சொல்லு. திரும்ப எதையாவது கோட்டைவிட்டிருக்கப்போறேன்" என்றார். மூடுவண்டியில் போனேன். அந்தக் காலத்து வழக்கப்படி நான் வாசலோடு நின்றேன். அந்தக் குப்பைவண்டிக்காரர் பெண்சாதி உள்ளேயிருந்து எட்டிப் பார்த்தாள்.

"வாங்க ஆச்சி. உங்க வீட்டு ஐயா எங்க அடுப்பைக் கட்டுதாக. உங்க அடுப்பை யாரு கட்டுதா?"

"நான்தான். அவாளைக் கிட்ட விட்டா தெக்க திருப்பிருவாக" என்றேன்.

அவள் சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தாள். பிறகு சிரிப்பை விட்டு, "ஆச்சி, இந்த வாரத்துக்குள்ள பால் காய்ச்சலைன்னா எங்களை எழுப்பிருவாகன்னு சொல்லுதாக. நிசமா?" என்று கேட்டாள். நான் வாசலிலிருந்தே அடுப்பைப் பார்த்தேன். ஈரம் காயவில்லை. ஈர அடுப்பில் தீ வைத்தால் வெடித்துவிடும். வெயில் நல்ல வெயில்தான், ஆனால் உள்ளே எப்படி வரும்? புகைக்கூண்டுக்குக் கீழே இரண்டு ஓடுகளைத் தள்ளிவைக்கச் சொன்னேன். சாணி மெழுகாமல் விடச் சொன்னேன். வேறொன்றும் நான் செய்யவில்லை.

வைகாசி முடிய இரண்டு நாள் இருக்கையில் நாள் பார்த்துத் தென்வரிசை முழுவதும் பால் காய்ச்சியது. அன்றைக்குத்தான் தேர்தல். இவர் காலையில் குளித்து, திருநீறு பூசி, புது வேட்டி கட்டிக்கொண்டு கிளம்பினார். ஓட்டுப்போடுகிற இடத்துக்குத்தான் போகிறார் என்று நினைத்தேன். தென்வரிசைக்குப் போய்விட்டார். எல்லா வீட்டிலும் பால் பொங்கின பிறகு, வெயில் ஏறித்தான் ஓட்டுப்போடுகிற இடத்துக்குப் போனாராம். அதற்குள் கடைத்தெருக்காரர்கள் எல்லாரும் புதுவேட்டியோடு வந்து போட்டுவிட்டுப் போயிருந்தார்கள்.

தோற்றார். அண்ணன் இரண்டு நாள் கடைக்கே வரவில்லை. இவர் அன்று இரவு இரண்டாவது தரம் ரசம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

எங்கள் வார்டுக்குப் புது மெம்பரான ஜவுளிக்கடைக்காரர் சும்மா இருக்கவில்லை. வைகாசிக் கடைசி நாளன்று தென்வரிசையை இடிக்கிறதா விடுகிறதா என்று தாமே நேரில் பார்க்கப் போனார். திரும்பும் வழியில் எங்கள் வீட்டுக்கு வந்தார். இவர் ஊஞ்சலில் நகர்ந்து இடம் கொடுத்தார். நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன்.

"என்னவே அண்ணாச்சி, எல்லாக் கூண்டுலயும் புகை வருது."

"வராம? அதுக்குத்தான கட்டினது."

"ஒரு வீட்டுல பிள்ளைத்தாச்சி உலை வச்சுக்கிட்டு நிக்கா. எரியுத அடுப்பை அவிச்சிட்டு வெளிய போன்னு நான் எந்த வாயால சொல்ல? எங்கம்மா கேட்டா என்னையக் கொன்னுருவா."

"பிறகு என்ன செஞ்சீரு?"

"என்ன செய்ய? பாத்துட்டு வந்துட்டேன். வண்டியை வேற எங்கனயாவது நிறுத்தணும். உம்மாலதான் எனக்கு இந்தத் தலைவலி. காப்பி இருந்தாக் கொண்டாரச் சொல்லும்."

நான் காப்பி கொடுத்தனுப்பினேன். நல்ல பாலாகவே விட்டேன். தோற்கடித்தவர் என்றாலும் விருந்தாளி அல்லவா?

ஆனித் தேரோட்டம் வந்தது. மேட்டில் இடமில்லாததால் வண்டிகளை ஊருக்கு வெளியே பேட்டைச் சாலையில் அவிழ்த்துப்போட்டார்கள். குழந்தை குட்டியோடு சனங்கள் வெயிலில் நடந்தே ரதவீதிக்கு வந்தார்கள். எங்கள் சொந்தக்காரர் வீட்டு வண்டியும் அங்கேதான் நின்றது. அவர்களை எதிர்கொண்டு அழைத்துவர அவர் முன்னால் நடந்தார், நான் பின்னால் நடந்தேன். தலையில் மூட்டையோடு வந்த உழுது பிழைக்கிற ஒரு மானூர்ப் பக்கத்துச் சம்சாரி, சத்தமாகத் திட்டிக்கொண்டே எங்களைக் கடந்து போனார்.

"வண்டி நிறுத்துத மேட்டுல வீட்டைக் கட்டி வச்சிருக்கான். எந்த மெம்பர் பய பாத்த வேலையோ! அவன் கால்ல முள்ளுத் தைக்க!"

எனக்கு முகம் சிவந்துவிட்டது. அவர் நின்றார், திரும்பினார், நான் கிட்ட வரும்வரை காத்திருந்தார்.

"ஏளா, கேட்டியா? மெம்பரைல்லா வையுதான். நமக்கென்ன? பைய வா" என்று சொல்லிவிட்டு, தோளில் துண்டைச் சரிசெய்துகொண்டு, தேர் பார்க்கப் போகிறவர்களோடு கலந்து நடந்தார்.